ஏழாவது எழுத்து

மருத்துவக் குறிப்புகளுக்குக் கோட் போடும் என் வேலையில் 'டி' என்ற எழுத்துக்கு அவ்வளவு மரியாதை இல்லை. நோயாளியின் குறிப்பைச் சார்ட் என்போம். அதில் 'ஏ' போட வேண்டிய கேஸ் வந்தால் நிமிர்ந்து உட்காருவோம். 'டி' என்றால், "ஃபாலோ அப் தானே, சட்டுனு முடிச்சுத் தள்ளு" என்பார்கள். நானும் நாலு வருஷம் அப்படித்தான் தள்ளிக்கொண்டிருந்தேன். போன மார்கழியில் அப்பாவை நாய் கடித்தது. அதற்குப் பிறகு அந்த எழுத்தை அப்படிக் கடந்து போக முடியவில்லை.

நான் மெடிக்கல் கோடர். பி.எஸ்ஸி விலங்கியல் முடித்துவிட்டு, மூன்று மாதம் கோச்சிங் போய், சிபிசி என்ற கோடிங் சான்றிதழ்த் தேர்வு எழுதி, சென்னையில் ஒரு கம்பெனியில் சேர்ந்தேன். திருச்சி, சேலம், கோயம்புத்தூர், திருநெல்வேலி என்று எல்லாப் பக்கத்திலிருந்தும் உயிரியல் படித்தவர்கள் இந்த வேலைக்கு வந்திருக்கிறோம். அமெரிக்காவில் ஒருவர் மருத்துவமனைக்குப் போகிறார். டாக்டர் பார்த்ததை, செய்ததை எல்லாம் எழுதி வைக்கிறார். காப்பீட்டு நிறுவனம் அந்தக் குறிப்பைப் படித்துப் பணம் தருவதில்லை, கோட் பார்த்துத்தான் தரும். ஏன் வந்தார் என்பதற்கு ஒரு வகைக் கோட், என்ன செய்தார்கள் என்பதற்கு இன்னொரு வகை. குறிப்பைப் படித்து அந்தக் கோடுகளைப் போடுவது எங்கள் வேலை. நான் இருப்பது அவசர சிகிச்சைப் பிரிவு டீமில்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எங்கள் தளத்துக்குள் கைபேசி கிடையாது, பேனா கிடையாது, ஒரு துண்டுக் காகிதம் கிடையாது. நோயாளியின் விவரம் ஒரு சொல்கூட வெளியே போகக் கூடாது. அதனால் நான் இங்கே எழுதுவதில் எந்த நோயாளியின் கதையும் இல்லை. கையேட்டில் இருப்பதும், எங்களுக்குள் விவாதித்துத் தெளிந்ததும், எங்கள் வீட்டில் நடந்ததும் மட்டும்தான்.

அமெரிக்காவில் நாய்க்கடிக்குப் பஞ்சமில்லை. ஆண்டுக்குச் சுமார் 45 லட்சம் பேரை நாய் கடிக்கிறது என்று அங்கே வழக்கமாகச் சொல்லும் கணக்கு ஒன்று உண்டு. அவசர சிகிச்சை டீமில் நாய்க்கடி சார்ட் வராத வாரம் என்று ஒன்றை நான் பார்த்ததில்லை. பூனைக்கடியும் வரும். எலி, அணில், கிளி, முதலை, சுறா என்று ஒவ்வொன்றின் கடிக்கும் தனித்தனி எண் இருக்கிறது. மனிதனை மனிதன் கடித்தால் தெரியாமல் நடந்ததா, சண்டையில் நடந்ததா என்று பிரித்து இரண்டு எண்.

2015 செப்டம்பர் 30 வரை அமெரிக்காவில் ஐசிடி என்ற நோய்க் கோடு வரிசையின் ஒன்பதாம் பதிப்பு இருந்தது. அதில் நாய் கடித்தது என்பதைச் சொல்ல இ906.0 என்ற ஒரே எண்தான். முதல் நாள் ரத்தத்தோடு ஓடி வந்தாலும் சரி, பத்தாம் நாள் தையல் பிரிக்க வந்தாலும் சரி, அந்த எண்ணில் வித்தியாசம் தெரியாது. பத்தாம் பதிப்பு வந்தபோது காயங்களுக்கான கோடுகள் ஏழு எழுத்தாக நீண்டன. எஸ்61.451டி என்று ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். எஸ் என்றால் காயம். 61 என்றால் மணிக்கட்டு, கை, விரல்களில் திறந்த புண். அடுத்த 4 கையைக் குறிக்கும், 5 பல் பட்டுத் தோல் கிழிந்த கடி, 1 வலது பக்கம். கடைசியில் நிற்பதுதான் அந்த ஏழாவது எழுத்து. எது கடித்தது என்பதற்கு இன்னொரு கோட் கூடவே வரும்: டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்டி. நாய் என்று சொல்ல நாலு இடம் போதும். ஆனால் கடைசி எழுத்து ஏழாவது இடத்தில்தான் நிற்க வேண்டும் என்பதால், நடுவில் இரண்டு எக்ஸ் இடம் பிடித்து உட்கார்ந்திருக்கும்.

அந்த ஏழாவது இடத்தில் ஏ, டி, எஸ் என்று மூன்றில் ஒன்று வரும். புதிதாகச் சேருபவர்கள் ஏ என்றால் முதல் தடவை வந்தது, டி என்றால் அடுத்த தடவை வந்தது என்று மனப்பாடம் செய்துகொள்வார்கள். கோடிங் புத்தகத்திலும் அந்தப் பெயர்தான் போட்டிருக்கும், அவர்கள் மேல் தப்பில்லை. ஆனால் விதியை ஊன்றிப் படித்தால் வேறு மாதிரி இருக்கும். காயத்துக்குச் சிகிச்சை இன்னும் முனைப்பாக நடந்துகொண்டிருந்தால், எத்தனையாவது வருகையாக இருந்தாலும் ஏ. அந்தச் சிகிச்சை முடிந்து, புண் ஆறும் கட்டத்தில் வழக்கமான கவனிப்புக்கு வந்தால் டி. டாக்டர் இவரை முதல் தடவை பார்க்கிறாரா, பத்தாவது தடவை பார்க்கிறாரா என்பது கணக்கே இல்லை. எஸ் என்பது கடி ஆறிப் போய், அது விட்டுச் சென்ற தழும்போ மரப்போ இன்றைக்குத் தொந்தரவு தருவதற்கு. அங்கே தழும்பின் கோட் முன்னால் நிற்கும், பழைய கடி எஸ் போட்டுக்கொண்டு பின்னால் வரும்.

இதில் நான் வாங்கிய முதல் ஆடிட் எரர், அதாவது எங்கள் கோடைச் சரிபார்ப்பவர் பிடிக்கும் தப்பு, இன்னும் நினைவிருக்கிறது. கடிபட்ட கை வீங்கி, சீழ் பிடித்து, ஒருவர் மூன்றாம் நாள் திரும்பி வருகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். பூனைக்கடியில் இது சகஜம். பூனையின் பல் ஊசி மாதிரி ஆழமாக இறங்கிவிட்டு வெளியே சின்னப் புள்ளியாகத்தான் தெரியும், உள்ளே கிருமி தங்கிவிடும். அப்படி ஒரு கேஸில் திரும்ப வந்தவர்தானே என்று நான் டி போட்டேன். எங்கள் ஆடிட்டர் அண்ணா என்னைக் கூப்பிட்டு உட்காரவைத்தார். "குறிப்பைத் திரும்பப் படி. புண்ணைத் திறந்து கழுவியிருக்காங்க. நரம்புல மருந்து ஏத்தியிருக்காங்க. இது ஆறுற புண்ணா?" என்று கேட்டார். இல்லைதான். தோலுக்கு அடியில் பரவிய தொற்றுக்கு ஒரு கோட், அதோடு கடிக்கு ஏ என்று திருத்தினேன். "வாசல்ல எத்தனையாவது தடவை நுழையுறார்னு எண்ணாதே. உள்ள என்ன நடக்குதுன்னு பாரு" என்றார். அந்த ஒரு வாக்கியத்தில் நான் கோச்சிங்கில் படித்ததைவிட அதிகம் கற்றேன்.

இதே மாதிரி இன்னொரு குழி, தையல் பிரிப்பது. தையல் பிரிக்க, கட்டு மாற்ற என்று இசட் வரிசையில் அழகாகத் தனிக் கோடுகள் இருக்கும். தேடினால் முதலில் கண்ணில் படுவது அதுதான். ஆனால் காயத்துக்கு அதைப் போடக் கூடாது என்று விதி தெளிவாகச் சொல்கிறது. காயத்தின் சொந்தக் கோடையே எடுத்து, கடைசியில் டி போட வேண்டும். எனக்கு இந்த விதி ரொம்பப் பிடிக்கும். தையல் பிரிக்க வந்தவர் என்று மட்டும் எழுதினால் அவருக்கு என்ன நடந்தது என்பது மறைந்துபோகும். வலது கையில் நாய் கடித்த அதே மனிதர்தான் இன்றைக்கும் வந்திருக்கிறார் என்று அந்தக் கோட் ஞாபகம் வைத்திருக்கிறது. பணக் கணக்கு வேறு. 12001 என்ற கோட் மாதிரி எளிய தையலுக்குப் பின்தொடரும் நாள் கணக்கு, அதாவது தையல் கட்டணத்துக்குள்ளேயே மறுவருகையும் அடங்கும் நாட்கள், பூஜ்யம். 12031 மாதிரி அடுக்காகப் போடும் தையலுக்குப் பத்து நாள், அதற்குள் அதே டாக்டரிடம் பிரிக்க வந்தால் தனியாகப் பணம் கேட்க முடியாது. கடிபட்ட புண்ணில் பல நேரம் தையலே போடாமல் திறந்து விட்டுவிடுவார்கள் என்பதால் இந்தச் சண்டை நாய்க்கடியில் குறைவு. முகத்தில் கடித்தால்தான் தையல் அதிகம்.

எங்கே கடித்தது, கடிக்கும்போது என்ன செய்துகொண்டிருந்தார் என்பதற்கும் கோட் உண்டு. அதை ஒரே ஒரு தடவை, முதல் வருகையில் மட்டும் போட வேண்டும். நாய் கடித்தது என்ற டபிள்யூ கோட் மட்டும் ஒவ்வொரு வருகைக்கும் கூடவே வரலாம். அதைப் பார்த்ததும் காப்பீட்டு நிறுவனம் நோயாளிக்குக் கடிதம் அனுப்புவதுண்டு: அது யாருடைய நாய், எங்கே நடந்தது என்று. அங்கே பலருடைய வீட்டுக் காப்பீடே நாய் கடித்த செலவை ஏற்கும். செலவை அந்தப் பக்கம் தள்ள முடியுமா என்று பார்ப்பார்கள்.

சரி, இதுவரைக்கும் சொன்னது காயம். கடியில் இன்னொன்றும் இருக்கிறது, அதுதான் ரேபிஸ் என்ற வெறிநாய்க்கடி நோய்.

அமெரிக்காவில் நாயிடமிருந்து நாய்க்குப் பரவும் ரேபிஸ் ஒழிந்துவிட்டது என்று 2007-இல் அறிவித்தார்கள். ஆனால் வௌவால், ரக்கூன், ஸ்கங்க், நரி இவற்றிடம் ரேபிஸ் இருக்கிறது. அவற்றிடமிருந்து தடுப்பூசி போடாத நாய்க்கும் பூனைக்கும் வரலாம். அதனால் கடித்த நாயைப் பத்து நாள் அடைத்து வைத்துக் கவனிப்பார்கள். நாய் நன்றாக இருந்தால் ஊசி தேவையில்லை. நாய் கிடைக்கவில்லை என்றால் அல்லது சந்தேகம் இருந்தால், முதல் நாளே கடிவாயைச் சுற்றி இம்யூனோகுளோபுலின் என்ற தயார்நிலை எதிர்ப்பு மருந்து, எடையில் கிலோவுக்கு 20 யூனிட் கணக்கில். அதன் விலை அங்கே பல ஆயிரம் டாலருக்குப் போகும். அதோடு தடுப்பூசி, 0, 3, 7, 14 ஆகிய நாட்களில். 2010 வரை ஐந்து ஊசி, அதற்கப்புறம் நான்காகக் குறைத்தார்கள். எதிர்ப்புச் சக்தி குறைந்தவர்களுக்கு மட்டும் 28-ஆம் நாள் ஐந்தாவது. சாதாரண கிளினிக்குகளில் பெரும்பாலும் இந்த ஊசி இருக்காது. அதனால் மூன்றாம் நாளும் ஏழாம் நாளும் நோயாளி அவசர சிகிச்சைப் பிரிவுக்கே திரும்ப வருவார். அந்தச் சார்ட் எங்களிடம் வரும்.

அந்தச் சார்ட் ஐந்தே வரி இருக்கும். கடிவாய் சுத்தமாக இருக்கிறது, சிவப்பு இல்லை, சீழ் இல்லை, இரண்டாவது ஊசி இடது தோளில் போடப்பட்டது, அடுத்தது எந்தத் தேதி. தடுப்பூசிக்கு 90675, போட்டதற்கு 90471. காரணத்துக்கு ரேபிஸ் தொடர்பு ஏற்பட்டதாகச் சந்தேகம் என்று இசட்20.3, தடுப்பூசிக்காக வந்தார் என்று இசட்23. காயத்தைப் பார்த்து எழுதியிருந்தால் கடியின் கோட், டி-யோடு. இரண்டு நிமிஷ வேலை. டார்கெட் ஓட்டுகிற நாளில் இப்படிப்பட்ட சார்ட் வந்தால் சந்தோஷமாகக்கூட இருக்கும்.

இங்கேதான் எங்கள் டீமில் ஒருநாள் நீண்ட வாக்குவாதம் நடந்தது. ஒரு பெண், சேர்ந்து ஆறு மாதம்தான் ஆகியிருந்தது, கேட்டாள்: "ஊசி இன்னும் முடியலையே மேம், அப்போ சிகிச்சை நடந்துட்டுதானே இருக்கு, ஏ தானே வரணும்?" டீம் லீடர் பொறுமையாகப் பதில் சொன்னார். கடி என்ற காயம் ஆறிக்கொண்டிருக்கிறது, அதற்கு டி. ஊசி அந்தப் புண்ணுக்கு இல்லை, ரேபிஸ் வராமல் இருப்பதற்கு, அதைச் சொல்ல இசட்20.3 இருக்கிறது, அந்தக் கோடுக்கு ஏழாவது எழுத்தே கிடையாது. அவர் சொன்னது சரி. நானும் அதற்குத் தலையாட்டினேன். ஆனால் அந்தப் பெண் கேட்டதில் இருந்த நியாயம் எனக்கு ரொம்ப நாள் கழித்துத்தான் உறைத்தது. ஒரே மனிதருக்குள் இரண்டு கணக்கு ஓடுகிறது. தோல் ஒரு வாரத்தில் மூடிக்கொள்ளும். வைரஸ் உள்ளே போயிருந்தால், அது நரம்பைப் பிடித்துக்கொண்டு மூளையை நோக்கி மெதுவாக நடக்கும். பெரும்பாலும் ஒன்றிலிருந்து மூன்று மாதம் எடுக்கும், சில சமயம் ஒரு வருஷத்தைத் தாண்டும். அது போய்ச் சேர்ந்து அறிகுறி தெரிந்துவிட்டால் கிட்டத்தட்ட யாரும் பிழைப்பதில்லை. புண் ஆறியது என்று கண் சொல்லும்போது, எது முக்கியமோ அது இன்னும் பாதியில்தான் இருக்கிறது.

வௌவால் விஷயத்தில் இது இன்னும் கூர்மையாகத் தெரியும். தூங்கி எழுந்தால் அறைக்குள் வௌவால் இருக்கிறது, கடித்ததா என்று தெரியவில்லை. அதன் பல் அவ்வளவு சின்னது, தடமே தெரியாமல் போகலாம். அப்படி வருபவருக்குக் காயக் கோடே கிடையாது. இசட்20.3 மட்டும்தான். புண் இல்லாத மனிதர், நான்கு ஊசிக்கு நான்கு முறை வந்து போகிறார்.

அப்பாவுக்கு வருகிறேன். மார்கழி பிறந்து நாலைந்து நாள். துறையூர்ப் பக்கம் எங்கள் ஊர். அப்பா இருட்டுகிற நேரத்தில் வயலிலிருந்து சைக்கிளில் வந்திருக்கிறார். டீக்கடை முக்கில் ஒரு தெருநாய் ஓடி வந்து வலது கெண்டைக்காலைக் கவ்வியிருக்கிறது. உதறியதும் ஓடிவிட்டது. யார் நாய் என்று ஊரில் யாருக்கும் தெரியவில்லை. அதற்கு முன்னால் பார்த்த நாயாகவும் இல்லை.

எனக்கு நைட் ஷிப்ட். இடைவேளையில் லாக்கரைத் திறந்து போனைப் பார்த்தால் அம்மாவிடமிருந்து ஒன்பது மிஸ்டு கால். கூப்பிட்டேன். "பயப்படாத ஆயி, ஒண்ணுமில்ல, பல்லு லேசா பட்டிருக்கு. பக்கத்து வீட்டு அத்தை மிளகாப்பொடி வெச்சு அமுத்திருக்கு" என்றார் அம்மா. ரத்தம் வந்ததா என்று கேட்டேன். வந்ததாம். ரத்தம் வந்தால் அது மூன்றாம் வகைக் கடி. உலக சுகாதார நிறுவனத்தின் வகைப்பாட்டில் அதற்கு மேல் வகை இல்லை.

"அம்மா, முதல்ல அந்தப் பொடியைக் கழுவுங்க. சோப்பு போட்டு, குழாயைத் திறந்துவிட்டு, கால் மணி நேரம். கடிகாரத்தைப் பாத்துக்கிட்டு கழுவுங்க" என்றேன். தினம் தினம் நான் படிக்கிற சார்ட்டுகளில் "காயம் நிறைய நீர் விட்டுக் கழுவப்பட்டது" என்று ஒரு வரி இருக்கும். கோட் போடுவதற்கு அந்த வரியால் பெரிதாக ஒன்றும் ஆகாது. அதனால் கண் அதைத் தாண்டிப் போய்விடும். அன்றைக்கு ராத்திரி அந்த வரிதான் என் கையில் இருந்தது. வைரஸை அது நரம்பைத் தொடுவதற்கு முன்பே கடிவாயிலிருந்து வெளியேற்ற, சோப்பும் ஓடும் தண்ணீரும் போல எளிதில் கிடைப்பது வேறு இல்லை. ஊசிக்கு முன்னால் அதுதான்.

தம்பி வண்டியில் உட்காரவைத்து அன்று ராத்திரியே அரசு மருத்துவமனைக்குக் கூட்டிப் போனான். இம்யூனோகுளோபுலினைக் கடிவாயைச் சுற்றிப் போட்டிருக்கிறார்கள். அப்பா வாழ்க்கையில் கத்தியதில்லை, அன்றைக்குக் கத்திவிட்டாராம். தடுப்பூசி இரண்டு கைகளிலும், தோலுக்குள் மிகக் கொஞ்சம், 0.1 மில்லி வீதம். அப்புறம் டெட்டனஸுக்கு ஒரு ஊசி. கையில் ஒரு சீட்டுக் கொடுத்தார்கள். தம்பி அதைப் படம் எடுத்து அனுப்பியிருந்தான். அதில் கோட் எதுவும் இல்லை. நான்கு தேதிகள் மட்டும்: 0, 3, 7, 28. முதல் தேதிக்கு எதிரே ஒரு டிக். நான் அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். எஸ்81.851ஏ, டபிள்யூ54.0எக்ஸ்எக்ஸ்ஏ என்று தானாக மனசுக்குள் ஓடியது. மீதி மூன்று தேதிகளுக்கும் டி என்று ஓடியது.

மூன்றாம் நாள் அப்பா தானே போய்விட்டார். அதிலிருந்து எங்கள் ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே போட்டுக்கொள்ளலாம் என்று சொல்லியிருந்தார்கள். ஏழாம் நாள்தான் சிக்கல் ஆரம்பித்தது. காலையில் கூப்பிட்டேன்.

"போயிட்டு வந்துட்டீங்களாப்பா?"

"புண்ணு காஞ்சு பக்கு கட்டிடுச்சு ஆயி. இனிமே எதுக்கு ஊசி? தண்ணி பாய்ச்சணும், மொற இன்னைக்கு."

அப்பா படிக்காதவர் இல்லை. பிடிவாதக்காரரும் இல்லை. ஒரு விவசாயி தன் கண்ணால் பார்த்ததை நம்பினார், அவ்வளவுதான். ஆறிய புண்ணுக்கு மருந்து எதற்கு என்று கேட்பது நியாயமான கேள்வி. நான் டி போடும்போது என்ன எழுதுகிறேனோ அதையேதான் அவரும் சொன்னார்: ஆறும் கட்டம்.

அதோடு அவருக்கு ஊசி என்றால் பழைய பயம் ஒன்றும் இருந்தது. பெரியப்பாவைச் சின்ன வயதில் நாய் கடித்து, தொப்புளைச் சுற்றித் தினம் ஒன்றாகப் பதினாலு ஊசி போட்டிருக்கிறார்கள். வயிறு வீங்கிச் சுருண்டு கிடந்ததை அப்பா பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறார். நம் ஊர்களில் ஐம்பது வயதைத் தாண்டிய யாரைக் கேட்டாலும் இந்தத் தொப்புள் ஊசிக் கதை ஒன்று இருக்கும். அது ஆட்டின் மூளையிலிருந்து எடுத்த மருந்து. டேவிட் செம்பிள் என்ற பிரிட்டிஷ் ராணுவ மருத்துவர் இமாசலத்தில் உள்ள கசௌலியில் உருவாக்கியது. அந்த வகை ஊசியை இந்தியாவில் 2004-ஓடு நிறுத்திவிட்டார்கள். நிறுத்தி இருபது வருஷம் ஆகியும் அதன் பயம் மட்டும் ஊருக்குள் நடமாடுகிறது. இப்போது கையில் எறும்பு கடித்த மாதிரிதான் என்று எத்தனை முறை சொன்னாலும், நாய்க்கடி ஊசி என்றதும் கை வயிற்றைத் தடவுகிறது.

அந்த வாரம் நான் இதைப் பற்றித் தேடித் தேடிப் படித்தேன். 1885 ஜூலை 6-ஆம் தேதி பாரிஸில் லூயி பாஸ்டர் முன்னால் கொண்டுவந்து நிறுத்தப்பட்ட ஒன்பது வயது ஜோசப் மைஸ்டருக்கு, பத்துப் பதினோரு நாளில் 13 ஊசி போட்டார்கள். முதல் ஊசியைத்தான் உலகம் நினைவு வைத்திருக்கிறது. ஆனால் அதோடு விடாமல் மீதிப் பன்னிரண்டையும் போட்டு முடித்தார்கள், பையன் பிழைத்தான். எங்கள் கோட் கணக்கில் சொன்னால், அந்தச் சிகிச்சையில் முதல் நாள் போனால் மீதியெல்லாம் மறுவருகை. குன்னூரில் இருக்கும் பாஸ்டர் நிலையத்துக்குப் பின்னாலும் ஒரு மரணம் இருக்கிறது. 1902-இல் லில்லி பேக்கன்ஹாம் வால்ஷ் என்ற பெண் வெறிநாய் கடித்து இறந்துபோனார். அன்றைக்குச் சிகிச்சை வேண்டுமென்றால் வடக்கே கசௌலிக்குத்தான் போக வேண்டும். அந்தச் சாவுக்குப் பிறகு ஹென்றி ஃபிப்ஸ் என்ற அமெரிக்கர் கொடுத்த நன்கொடையும் சேர்ந்து 1907-இல் குன்னூர் நிலையம் தொடங்கியது. அமெரிக்க நாய்க்கடிக்கு இங்கே உட்கார்ந்து கோட் போடுகிற எனக்கு, இதைப் படித்தபோது கொஞ்ச நேரம் வேலை ஓடவில்லை.

ஏழாம் நாள் ஊசிக்கு அப்பாவை அனுப்பியது நானில்லை, அம்மா. "அவ அமெரிக்காவுல இருக்குற நாய்க்கடிக்கெல்லாம் கணக்குப் பாக்குறா, உங்க கடிக்குப் பாக்க மாட்டாளா? போயிட்டு வாங்க" என்று சத்தம் போட்டிருக்கிறார். மாலை நாலு மணிக்குப் போய் வந்துவிட்டார்.

அன்று ஷிப்டில் டி சார்ட் ஒன்றைத் திறந்தபோது எனக்குத் தோன்றியது இதுதான். என் முன்னால் வருகிற ஒவ்வொரு டி-யும் திரும்பி வந்த ஒருவர். வராதவர் என் திரையில் வரவே மாட்டார். வந்து, ஊசி வேண்டாம் என்று மறுத்தவருக்குக்கூட ஒரு கோட் வைத்திருக்கிறார்கள், இசட்28.21. மறுக்கக்கூட வராதவருக்கு எதுவும் இல்லை. எங்களிடம் ஏ வருகிறது, அதற்கப்புறம் அந்த மனிதர் மௌனமாகிவிடுகிறார். அங்கே அதற்குப் பல நல்ல காரணங்கள் இருக்கலாம். பத்து நாள் கவனித்து, நாய் நலமாக இருக்கிறது என்று ஊசியை டாக்டரே நிறுத்தியிருக்கலாம். வேறு ஊரில், சுகாதாரத் துறை அலுவலகத்தில் போட்டுக்கொண்டிருக்கலாம். பில்லைப் பார்த்துப் பயந்து வராமலும் இருந்திருக்கலாம். எங்கள் கோடுகளில் இந்த மூன்றும் ஒன்றுபோலத்தான் தெரியும், அதாவது தெரியாது. இவ்வளவு நுணுக்கமாக வலதா இடதா, நாயா பூனையா என்று பிரிக்கும் ஒரு ஏற்பாட்டில் இந்த ஓட்டை எனக்கு உறுத்துகிறது. ஒரு கோடரால் இதை அடைக்க முடியாது. ஆனால் அதற்கப்புறம் ஒன்று மட்டும் செய்கிறேன். குறிப்பில் எத்தனையாவது ஊசி, அடுத்தது எப்போது என்று இல்லாவிட்டால், முன்பு மாதிரி இருப்பதை வைத்து முடித்துத் தள்ளாமல், டாக்டருக்குக் கேள்வி அனுப்பச் சொல்லித் திருப்புகிறேன். அதனால் அன்றைய எண்ணிக்கை குறையும். குறையட்டும்.

28-ஆம் நாள் சரியாகப் பொங்கல் விடுமுறைக்குள் விழுந்தது. அப்பா, "பண்டிகை முடிஞ்சு பாத்துக்கலாம்" என்று முன்பே சொல்லி வைத்திருந்தார். ஓரிரு நாள் தள்ளிப் போனால் குடி முழுகாது, விட்ட இடத்திலிருந்து போட்டுக்கொள்ளலாம், ஆனால் பண்டிகை முடிந்தால் அறுவடை, அறுவடை முடிந்தால் உளுந்து விதைப்பு. நான் லீவு போட்டுவிட்டு ஊருக்குப் போயிருந்தேன். மாட்டுப் பொங்கலன்று காலையில், மாடு குளிப்பாட்டப் போவதற்கு முன்னால் அவரை வண்டியில் ஏற்றினேன்.

ஆரம்ப சுகாதார நிலையத்தில் ஒரு சிஸ்டர் மட்டும் பணியில் இருந்தார். எங்களுக்கு முன்னால் ஒரு பையன் அவன் தாத்தாவோடு உட்கார்ந்திருந்தான். அவனுக்கு இரண்டாவது ஊசி. "இன்னும் ரெண்டு பேர் வரணும், கொஞ்சம் இருங்க" என்றார் சிஸ்டர். ஒரு குப்பியைத் திறந்து கலக்கிவிட்டால் சில மணி நேரத்துக்குள் தீர்த்துவிட வேண்டும். தோலுக்குள் போடும் முறையில் ஒரு குப்பி பலருக்கு வரும் என்பதால், வரவேண்டியவர்களைச் சேர்த்து ஒரே நேரத்தில் போடுகிறார்கள். அப்பா அந்தப் பையனிடம் பள்ளிக்கூடம் பற்றி விசாரித்துக்கொண்டிருந்தார். நாய் எங்கே கடித்தது என்று அவன் கால்சட்டையைத் தூக்கிக் காட்டினான். அப்பாவும் வேட்டியை விலக்கித் தன்னுடையதைக் காட்டினார்.

மேசையில் பதிவேடு திறந்திருந்தது. பெயர்களை நான் படிக்கவில்லை. ஒவ்வொரு வரிக்கும் நான்கு கட்டம். முதல் கட்டம் எல்லா வரியிலும் நிரம்பியிருந்தது. இரண்டாவது அநேகமாக. நான்காவதில் சில வரிகள் வெறுமையாக இருந்தன. அவற்றுக்கு ஓரத்தில் சிஸ்டர் பென்சிலால் சின்னதாகப் புள்ளி வைத்திருந்தார். என்ன புள்ளி என்று கேட்டேன்.

"போன் போட்டது. ஒரு புள்ளி, ஒரு தடவை. ஆறிடுச்சு சிஸ்டர், வேலை இருக்குன்னு வெச்சிடுவாங்க. மறுநாள் திரும்பப் போடுவேன்."

ஒரு வரியில் ஐந்து புள்ளி இருந்தது. அதன் நான்காவது கட்டத்தில் டிக்கும் இருந்தது.

வரவேண்டிய இருவரில் ஒருவர் வந்துவிட்டார். சிஸ்டர் கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டுக் குப்பியைத் திறந்தார். முதலில் அந்தப் பையனுக்கு, அப்புறம் அப்பாவுக்கு. அப்பா சட்டையைத் தளர்த்தித் தோளைக் காட்டினார், இரண்டு பக்கமும். முகத்தை என் பக்கம் திருப்பிக்கொண்டார். முடிந்ததும் சிஸ்டர் பேனாவை எடுத்து நான்காவது கட்டத்தில் டிக் போட்டு, சீட்டிலும் போட்டுக் கொடுத்தார். பிறகு பதிவேட்டில் வராத அந்த ஒருவரின் வரியில் விரலை வைத்துக்கொண்டு, போனை எடுத்து எண்களை அழுத்த ஆரம்பித்தார்.